இணைப்பு ஆறு

மாவட்டத்துக்கு ஒன்பது இடங்கள் வந்தன.
மூன்றைத்தான் சென்னைக்கு அனுப்பலாம்.
சென்னை அதில் ஒன்றை டெல்லிக்கு அனுப்பும்,
அல்லது அனுப்பாது.
நூற்றுக்கு மதிப்பெண். எக்செல் தாளில்
நிரப்பியவள் நான்.

நிலம் யார் பேரில் என்பதற்கு இருபது.
மாநிலம் தன் பங்கு நாற்பது விழுக்காட்டை
எடுத்துவைக்கும் என்ற கடிதத்துக்கு இருபத்தைந்து.
ஐந்து கிலோமீட்டருக்குள் எத்தனை தலை, பதினைந்து.
சக்கர நாற்காலி போகுமா, பத்து.
திறப்புவிழா முடிந்தபின்
புல்லுக்கு யார் தண்ணீர் ஊற்றுவது, பத்து.
மீதி இருபதும் "பிற".

பிற என்றால் என்ன சார் என்று
கண்காணிப்பாளர் தேவசகாயத்திடம் கேட்டேன்.
கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
துடைத்துக்கொண்டே இருந்தார்.

அமிர்திக்கு மலையேற்றப் பாதை:
வனத்துறை இன்னும் பதில் போடவில்லை.
மோர்தானாவுக்குப் படகுத்துறை: கோப்பு சுத்தம்,
பட்டா சுத்தம், படகுக்கு மட்டும் மழை வரவேண்டும்.
காட்பாடிக்கு ஸ்கேட்டிங் தளம்:
கேட்டவர் தொலைபேசியிலும் கேட்டார், மூன்று முறை.

விருதம்பட்டு, பாலாற்றங்கரை:
நடைபாதை, திடல், பன்னிரண்டு சிமெண்ட் பெஞ்சு.
கேட்டவர்கள் பெண்கள்.
விடியற்காலை நாலரைக்கு பைபாஸ் சர்வீஸ் ரோட்டில்,
லாரி கிளீனர்கள் பல் விளக்கும் நேரம்,
எதிரே வரும் ஹெட்லைட்டுக்குத்
துப்பட்டாவால் கண்ணை மறைத்து நடப்பவர்கள்.
நாற்பத்தொரு கையெழுத்து.
பதினேழாவது என்னுடையது.
கமிட்டியில் அதை நான் சொல்லவில்லை.

"நீர் ஆதாரம்" என்ற கட்டத்தில் ஆறு என்று எழுதினேன்.
உதவிப் பொறியாளர் குமுதவல்லி சிரித்த சிரிப்பில்
டீ சிந்தியது.
"பருவகாலம்" என்று திருத்தினேன்.
எந்தப் பருவம் என்று படிவம் கேட்கவில்லை.

களஆய்வு மே மாதம், பதினொன்றே முக்கால்.
வேலூர் வெயில்; ஜீப் கதவை
கைக்குட்டை வைத்துத்தான் திறக்கவேண்டும்.
இணைப்பு ஆறுக்கு, ஆறு இங்கே வெறும் எண்தான்,
காலி நிலத்தின் வண்ணப்படம் வேண்டும், நான்கு திசையிலிருந்தும்.

நிலம் காலியாக இல்லை.
கஸ்பாவிலிருந்து சைக்கிளில் வந்த பதினொரு பையன்கள்,
ஒரு பெண், செல்லோடேப் சுற்றிய பந்து.
நாற்பத்தெட்டில் நின்றான் ஒருத்தன்.
"ஓரமா போங்க தம்பி,
விளையாட இடம் பண்ணத்தான் போட்டோ எடுக்கறோம்."
வேலிக்காத்தான் நிழலுக்குப் போனார்கள்.
அந்தப் பெண் மட்டும் நின்று கேட்டாள்,
"அப்ப இது?"
குமுதவல்லி சொன்னார், "வெயில்ல நிக்காதே."

நீர்வழிப் புறம்போக்கு. நிலத்துக்கு இருபதில் எட்டு.
கூட்டினால் அறுபத்தொன்றரை.
ஸ்கேட்டிங் தளம் அறுபத்தொன்று.
மூன்றாமிடத்தைப் பிடித்த அந்த அரை
எங்கிருந்து வந்தது என்று கேட்காதீர்கள்.
"பிற"வில் இடம் இருந்தது.

ஆகஸ்டில் டெல்லி கேட்டதைச் சென்னை கேட்டது:
இணைப்பு ஆறு, படம் மூன்றில்
நடுவே தெரியும் செங்குத்துக் கட்டுமானங்கள் யாவை?
எண்ணிக்கை மூன்று. ஆக்கிரமிப்பா?
உரிமையாளர் யார்?
பதினைந்து நாட்களுக்குள்.

படத்தைப் பெரிதாக்கினேன். இன்னும் பெரிதாக்கினேன்.
ஒன்று லேசாகச் சாய்ந்திருந்தது.

பார்வையில் காணும் கடிதத்தின்படி
பணிந்து தெரிவிக்கப்படுவதாவது:
மேற்படி கட்டுமானங்கள் சவுக்குக் குச்சிகள்.
அஸ்திவாரம், அரை ஜாண்.
இருட்டியதும் அவர்களே பிடுங்கிக்கொள்கின்றனர்.
நோட்டீஸ் தேவைப்படவில்லை.
உரிமையாளர், கடைசியாக அவுட் ஆனவர்.

தேவசகாயம் கண்ணாடி போட்டுக்கொண்டு
இரண்டுமுறை படித்தார்.
கடைசி வரியில் மூன்று சொற்களை அடித்து
"எவருமிலர்" என்று மேலே எழுதினார்.
சுருக்கொப்பமிட்டார்.

ஐந்தரைக்குத் தபால் போகும்.